‘க்யூட்’ என்றால் கோபம் வருகிறது

போன சனிக்கிழமை, இங்கே ஜெர்மனியில் ஆஹென் நகருக்குப் போயிருந்தேன். அங்கே பொறியியல் படிக்கும் மகள் ஆரணியைப் பார்க்க. கூடவே ஒரு மலையாளப் படம்! கேரள மாணவர்கள் சேர்ந்து ஒரு தியேட்டரை வாடகைக்கு எடுத்திருந்தார்கள். மகளின் அறைத்தோழி அஞ்சு, கொல்லத்துப் பிள்ளை, எனக்கும் ஒரு டிக்கெட் எடுத்து வைத்திருந்தாள்.

தியேட்டர் வாசலில் நானும் மகளும் கதைத்துக்கொண்டு நின்றோம். ஆரணியின் வகுப்பில் படிக்கும் சென்னைப் பையன் ஒருவன் சிரித்தபடி வந்தான்.

“ஆன்ட்டி, நீங்க கேரளாவா?”

“இல்லைத் தம்பி, நாங்கள் தமிழ். யாழ்ப்பாணம்.”

“ஐயோ, நான் மலையாளம்னே நெனச்சிட்டேன்! ஆரணி எங்கள மாதிரியே பேசுவாளே... இன்னொரு தடவை ஏதாவது சொல்லுங்க ஆன்ட்டி, க்யூட்டா இருக்கு!”

நான் மகளைப் பார்த்தேன். அவள் அவனைப் பார்த்து, “ஆமா, அம்மா இப்படித்தான் பேசுவாங்க” என்றாள்.

ஆமா!

பேசப் பழகிய நாளிலிருந்து வீட்டில் ‘ஓம்’ சொல்லி வளர்ந்த பிள்ளை. அவன் நகர்ந்ததும் என் காதுக்குள் இன்னொன்றும் சொன்னாள்.

“அம்மா, இஞ்சை கொஞ்சம் மெல்லமாக் கதையுங்கோ. ஆக்கள் பாக்கினம்.”

இந்த நாட்டுக்கு வந்த புதிதில், டொச் மொழி தெரியாமல் அலுவலகங்களில் நின்றபோதுகூட என்னை யாரும் மெல்லமாகக் கதைக்கச் சொன்னதில்லை. ஜெர்மன்காரர் முன்னால் கூச்சப்பட்டால்கூட விளங்கிக்கொள்ளலாம். தமிழ் கதைக்க, தமிழர் முன்னால் கூச்சமா?

அந்தப் பையனில் பிழை இல்லை. நல்ல பிள்ளை. எங்கள் பேச்சை அவன் எங்கே கேட்டிருப்பான்? சினிமாவில்தானே! அங்கே ஈழத்தமிழர் வந்தால் ஒன்று அழுவார், இல்லாவிட்டால் எல்லாச் சொல்லுக்கும் பின்னால் ஒரு ‘கோ’ போடுவார். கள்ளனைத் துரத்தும்போதும் “நில்லுங்கோ” என்பார். யார் ஐயா கள்ளனுக்கு மரியாதை கொடுக்கிறது? கோடிக்கணக்கில் செலவழித்துப் படம் எடுக்கிறவர்களுக்கு, எங்களில் ஒருவரைக் கூப்பிட்டு “இது சரியா?” என்று கேட்க முடியாதா?

படம் தொடங்கியது. கேரளத்தின் வடகோடியில் ஒரு சின்ன ஊர். கல்யாண வீட்டில் பிரியாணி அண்டாவை யார் திறப்பது என்று சண்டை... அவ்வளவுதான் கதை! கதாநாயகன் முதல் கடைக்காரன் வரை எல்லோரும் அந்த ஊர்ப் பேச்சுத்தான். கொஞ்ச நேரத்தில் அஞ்சுவே கீழே ஓடுகிற ஆங்கில எழுத்தை வாசிப்பதைக் கண்டேன்.

“என்ன பிள்ளை, உமக்கும் விளங்கேல்லையோ?”

“பாதி புரியல ஆன்ட்டி” என்றாள், தமிழ்ப் படம் பார்த்துப் பழகிய தமிழில். “அது காசர்கோடு. நான் கொல்லம்.”

“பிறகு ஏன் எல்லாருக்கும் விளங்கிற மாதிரி எடுக்கேல்லை?”

அவள் என்னை விசித்திரமாகப் பார்த்தாள். “அந்த ஊர்க்காரங்க வேற எப்படிப் பேசுவாங்க ஆன்ட்டி?”

பாருங்கள்... அவளுக்கு அது ஒரு கேள்வியே இல்லை! விளங்காவிட்டால் பார்க்கிறவர்தான் முயற்சி செய்ய வேண்டும். பேசுகிறவர் மாறத் தேவையில்லை. மலையாளப் படங்களும் சுத்தத் தங்கம் இல்லை. அங்கே தமிழர் வந்தால் பெரும்பாலும் லாரி ஓட்டுவார், அல்லது உதை வாங்குவார். அந்தக் கோபம் வேறு. ஆனால் தங்கள் ஊர் மூலை ஒவ்வொன்றின் பேச்சையும் அவர்கள் கதாநாயகன் வாயில் வைக்கிறார்கள். நாங்கள் நகைச்சுவை நடிகர் வாயில் வைக்கிறோம். அதைப் பார்த்துச் சிரித்துப் பழகியவர்கள் நடுவில் இருபது வயதுப் பிள்ளை வேறென்ன செய்யும்? வாயை மாற்றிக்கொள்ளும்.

படம் முடிந்து பஸ் ஏறினோம். நிறைய மாணவர்கள். சென்னைப் பையனும் முன் சீட்டில் இருந்தான். மகளுக்குச் சங்கடம் வேண்டாம் என்று, அவள் கேட்டுக்கொண்டபடியே குரலைத் தாழ்த்தி, “பசிக்குதோ?” என்றேன்.

“என்ன?”

“சாப்பிடுவமோ எண்டு கேட்டனான்.”

“கேக்கேல்லை அம்மா, உரத்துக் கதையுங்கோ!”

பஸ் இரைச்சலில்தான் அப்படிச் சொன்னாள். எனக்குத் தெரியும்.

ஆனாலும் நான் உரத்தே கதைத்தேன் — ஸ்டேஷன் வரைக்கும்!