தீப்பெட்டி அளவு கார் ரேஸ்

இன்று பூம்பாறையிலிருந்து கொடைக்கானல் சந்தைக்குப் பூண்டு விற்க வந்த நானும் மச்சினன் முருகனும் மழைக்கு ஒரு பிரவுசிங் சென்டரில் ஒதுங்கினோம்.

சும்மா இருப்போமா? கம்ப்யூட்டரில் கார் ரேஸ் ஓட்டினோம். தோற்றவர், ஜெயித்தவர் வீட்டு விதைப்பூண்டை முழுக்கப் பல் பல்லாக உதிர்த்துக் கொடுக்க வேண்டும் என்று பந்தயம்.

முருகன் முதலில் வந்தான். நான் கடைசி.

"படம் தீப்பெட்டி அளவுல கெடக்கு மாப்ள, ரோடே தெரியல. இது செல்லாது" என்றேன்.

"வளைவுக்கு வளைவு பாறையில போயி முட்டுனீங்களே மாமா, அதுவும் படத்தோட குத்தமா?"

விடுவேனா? படத்தைப் பெரிதாக்க என்ன வழி என்று சென்டர் நடத்தும் செல்வியிடம் கேட்டேன்.

"ஆல்ட்டையும் என்ட்டரையும் சேத்து அமுக்குங்கண்ணே."

அமுக்கினேன். கம்பளிக் கையுறைக்குள் இருந்த விரல் ஒரே அமுக்கில் நாலு பொத்தானை அமுக்கி, என்னென்னவோ திறந்துகொண்டது. திரும்பத் திரும்ப அமுக்கினேன்.

"அண்ணே, மொதல்ல அந்தக் கிளவுஸக் கழட்டுங்க!"

கழற்றிவிட்டு, விறைத்த விரலால் சரியாக அமுக்கினேன். திரை முழுக்க ரோடு! எங்கள் மலைப்பாதையைவிட அகலம்.

மறுபடி ஓட்டினோம். மறுபடியும் நான் கடைசி.

"இப்ப நல்லாத் தெரிஞ்சுச்சா மாமா?" என்றான் முருகன்.

அவன் வீட்டில் நாலு மூட்டை விதைப்பூண்டு கிடக்கிறது. உதிர்க்கிறேன், பரவாயில்லை. ஞாயிற்றுக்கிழமை மறுபந்தயம் கேட்டிருக்கிறேன். படம்தான் பெரிதாகிவிட்டதே, இனிமேல் தோற்றால் எதைக் குற்றம் சொல்வது? நல்ல சாக்கு கைவசம் உள்ளவர்கள் வெரசா எழுதுங்கள்.