பேசிவிட்ட பிணம்

என் வீட்டுக்காரர் காஸிமிர், டிவியில் செத்துச் செத்தே எங்கள் குடும்பத்தைக் காப்பாற்றினார். வியாழன்தோறும் ஒரு துப்பறியும் நாடகம். முதல் காட்சியிலேயே இவர் பிணம். ஒரு வாரம் தாடி, ஒரு வாரம் மீசை, அவ்வளவுதான் வித்தியாசம். அசையாமல் கிடப்பார். வீட்டில் குறட்டை விட்டுத் தெருவையே எழுப்புகிற மனுஷன்!

அவருக்கு இருந்த ஒரே ஏக்கம், டிவியில் ஒரு வரியாவது பேசிவிட வேண்டும் என்பது. எல்லாம் என் அம்மாவால் வந்தது. டிவி புதிதாக வந்த காலம் அது; புரூக்ளினில் எங்கள் கட்டடத்தில் கசாப்புக்கடை ஸிக்மண்ட் வீட்டில் மட்டும்தான் டிவி. சனம் மொத்தமும் அங்கே கூடியிருக்கும்போதுதான் அம்மா ஆரம்பிப்பாள்.

"நடிகனாம் நடிகன்! சும்மா விழுந்து கிடக்கிறதுக்குச் சம்பளமா? இதோ, ஸிக்மண்டு வீட்டுக் கம்பளம்கூடத்தான் கிடக்குது."

கடைசியில் டைரக்டர் மனமிரங்கினார். "இந்த வாரம் ஒழுங்காச் செத்துக் காட்டு, காஸிமிர். அடுத்த வாரம் உனக்குப் பேசற வேஷம்." இவர் கட்டடம் முழுக்கத் தம்பட்டம் அடித்துவிட்டுத்தான் வீட்டுக்குள் நுழைந்தார்.

அந்த வாரம் இவர் பனியில் கிடக்கும் பிணம். நாடகத்துக்குக் காசு கொடுப்பது ஒரு சோப்புக் கம்பெனி; பனி என்று தூவியதும் அவர்கள் சோப்புத்தூளைத்தான். துப்பறிகிறவர் குனிந்து நாடி பார்த்தார். இவர் மூக்கு லேசாகத் துடித்தது.

"ஐயோ, அடக்கிக்கோங்களேன்!" என்று டிவியைப் பார்த்துக் கத்தினேன்.

தும்மிவிட்டார்.

அப்போதெல்லாம் நேரடி ஒளிபரப்பு; நிறுத்தி மறுபடி எடுக்க வழியில்லை. துப்பறிகிறவர் வெலவெலத்துப்போய், "உயிர்... உயிர் இருக்கு!" என்று உளறினார். அதோடு விட்டிருக்கலாம். பழக்கதோஷம், அடுத்த கேள்வியையும் கேட்டுத் தொலைத்தார். "யாருய்யா உன்னைச் சுட்டது?"

பேசாமல் மறுபடி செத்திருந்தால்கூட வேலை தப்பியிருக்கும். ஆனால் என் வீட்டுக்காரர் கண்ணைத் திறந்தார். அந்தக் கண்ணைப் பார்த்ததுமே, இந்த மனுஷன் விடமாட்டார் என்று எனக்குத் தெரிந்துபோயிற்று.

"என் மச்சான்தான் சுட்டான். மாடியில, துணி அலமாரிக்குள்ள ஒளிஞ்சிருக்கான்."

பாவி மனுஷன், கதையின் முடிச்சே அதுதான்! அரைமணி நேர நாடகம் ஐந்தாவது நிமிடம் முடிந்தது. மிச்ச நேரம் முழுக்க ஒரு பெண் அந்தச் சோப்புத்தூளைப் போட்டுச் சிரித்துச் சிரித்துச் சட்டை துவைத்தாள்.

தலையெல்லாம் சோப்புத்தூளோடு ஸிக்மண்ட் வீட்டு வாசலில் வந்து நின்றார். "துரத்திட்டாங்க. இனிமே பிணமாக்கூட எவனும் சேர்க்கமாட்டானாம்." எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

அம்மாதான் பேசினாள். "ஏய் ஸிக்மண்டு, நாற்காலியை நகர்த்து. எல்லாரும் தள்ளி உட்காருங்க." பிறகு, கல்யாணமான நாளிலிருந்து சொல்லாத வார்த்தையைச் சொன்னாள். "மாப்பிள்ளே, அதை இன்னொரு தடவை சொல்லுங்க."

அவர் ஸிக்மண்டின் கம்பளத்தில் மல்லாக்கப் படுத்து, கண்ணைத் திறந்து, சொன்னார்.