ஆம்பூர் வேனில் அம்பாபாய் பாட்டு

காலை 7.10. வேலூர் புதிய பேருந்து நிலையத்தில் குடியாத்தம் பஸ் ஏறினேன். விரிஞ்சிபுரம், பள்ளிகொண்டா வழியாக முப்பத்தைந்து கிலோமீட்டர்தான். என் முழங்கால் அதை எழுபதாகக் கணக்குப் பண்ணியது.

8.40. குடியாத்தத்தில் மராத்தி பேசும் தையற்காரர் வீடு. மறுநாள் ஆம்பூர் மண்டபத்தில் கல்யாணம். மணப்பெண்ணின் அக்கா சாந்தா, ஆம்பூர் ஷூ கம்பெனியில் சூப்பர்வைசர். கல்யாணத்துக்கு முன் அம்பாபாய் அம்மனுக்குப் பந்தம் கொளுத்திப் பாடும் கோந்தள் பாட்டை, கம்ப்யூட்டர் தாளம் சேர்த்துப் பாடி வெளியிட்டிருந்தாள். கம்பெனி பஸ்களில் இப்போது அதுதான் ஓடுகிறது. மராத்தியில் ஒரு சொல் தெரியாதவர்களும் முணுமுணுக்கிறார்கள். அதைக் கேட்கத்தான் போனேன்.

தங்கையின் கோந்தள் சடங்கில் அந்தப் பாட்டைத் தானே பாட வேண்டும் என்று சாந்தாவுக்கு ஆசை. குறுக்கே நின்றவர், கோந்தள் பாடும் தாய்மாமா ராமோஜி.

"பந்தம் கொளுத்தாம கண்ட எடத்துல ஓடுது சார். அது கோந்தளே இல்ல," என்றவர், அசல் எப்படி என்று முற்றத்தில் இரண்டு அடி பாடிக் காட்டினார். நான் செருப்போடு நின்றிருந்தேன்.

"கழட்டுங்க சார், அம்மா பாட்டு," என்றாள் சாந்தா. எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

பகல் 2.15. ஆம்பூர் மண்டபத்துக்கு வேனில் கிளம்பினோம். மாதனூர் தாண்டியதும் டிரைவர் சாந்தாவின் பாட்டைப் போட்டார்.

"கம்பெனி பஸ் ஓட்டும்போது டெய்லி இதத்தான் கேப்பாங்க," என்றார். பாடியவள் பின்சீட்டில் இருப்பது அவருக்குத் தெரியாது.

சண்டை வரும் என்று பயந்து மாமாவைப் பார்த்தேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பியிருந்தார். கால் இரண்டும் செருப்பிலிருந்து வெளியே வந்திருந்தன.

சாந்தாவும் பார்த்துவிட்டாள். "கோந்தளே இல்லன்னீங்க. அப்புறம் இன்னாத்துக்கு மாமா செருப்ப கழட்டினீங்க?"

மாமா குனிந்து தன் காலைப் பார்த்தார்.

மாலை 6.30. மண்டபத்தில் பந்தம் எரிந்தது. மாமா இரட்டைக் கொட்டு மேளத்தை இடுப்பில் கட்டிக்கொண்டு சாந்தாவைக் கூப்பிட்டார். "பாடு. மெஷின் வேணாம், நான் அடிக்கிறேன்."

அவர் அடித்தது பஸ்ஸில் ஓடும் பாட்டின் அதே வேகம். எப்போது பழகினாரோ. சாந்தாவுக்கு முதல் அடியில் குரல் உடைந்தது, இரண்டாம் அடியில் சேர்ந்துகொண்டாள். எனக்கும் கண் கலங்கியது.

எங்கள் ஊரில் பாட்டுக் கேட்க யாரும் செருப்பைக் கழற்றுவதில்லை. வேலூர் திரும்பும் பஸ்ஸில் யாரோ போனில் அதே பாட்டைப் போட்டார்கள். இறங்கும்போது என் செருப்பை சீட்டுக்கு அடியில் தேட வேண்டியிருந்தது.