விசில் வராமல் வண்டி எடுக்காதவர்

முப்பது வருஷம் பஸ் ஓட்டிய அப்பாவுக்கு, கால்களில் வாதம் வந்த பிறகு வீல்சேர்தான் வண்டி. பின்னாலிருந்து யாராவது தள்ளினால் மூக்குக்கு மேல் கோபம் வரும். "நான் என்ன பிரேக்டவுன் ஆன பஸ்ஸா?" என்பார்.

மகளின் கல்யாண வரவேற்பில் அப்பாவும் பெண்ணும் ஆடுவதாக முடிவானது. டான்ஸ் மாஸ்டர் யோசனை சொன்னார்: "சார், நீங்க நடுவுல சும்மா உக்காருங்க. பொண்ணு உங்களைச் சுத்தி ஆடட்டும்."

"நான் என்ன ரவுண்டானாவா? வண்டிய நான்தான் ஓட்டுவேன்!"

ஒரு வாரம் ஒத்திகை நடந்தது. அப்பாவின் பழைய கண்டக்டர் தினமும் வந்து விசில் ஊதினார். இரண்டு விசில் என்றால் கிளம்பவேண்டும், ஒன்று என்றால் நிறுத்தவேண்டும். அப்பாவுக்கு அதுதான் சட்டம்.

வரவேற்பன்று பாட்டு தொடங்கியது. அப்பா அசையவில்லை.

"பாவம், பயந்துட்டாரு" என்று பெரியம்மா மூக்கைச் சிந்தினாள். தள்ளிவிட ஓடிவந்த மாப்பிள்ளை, அப்பா முறைத்த முறைப்பில் பாதியிலேயே நின்றான்.

மகள் சுற்றுமுற்றும் பார்த்தாள். கண்டக்டர் சாப்பிடப் போய்விட்டிருந்தார். அவ்வளவு அலங்காரத்தோடு இரண்டு விரலை வாயில் வைத்து, மண்டபமே அதிர இரண்டு விசில் அடித்தாள்.

வண்டி கிளம்பியது. சுழன்றது, ரிவர்ஸ் எடுத்தது, மாஸ்டரின் கால் கட்டைவிரலில் ஏறி இறங்கியது. பாட்டு முடிந்து கைதட்டலும் ஓய்ந்தது. அப்பா நிற்கவில்லை.

"அப்பா, பாட்டு முடிஞ்சிடுச்சு!"

"அதுக்கு? நிறுத்தச் சொல்லி நீ இன்னும் விசில் குடுக்கலையே."

மகள் விரலை வாய்வரை கொண்டுபோனாள். பிறகு இறக்கிவிட்டு, அவர் தோளைப் பிடித்துக்கொண்டு கூடவே சுற்றினாள்.