சம்பந்தி வீட்டு மொகிங்காவும் ஓர் இடது கால்காரரும்

என் சம்பந்திக்குத் தெரியாதது ஒன்றும் இல்லை. நான் சொல்லவில்லை, அவரே சொல்வார். மகளை இந்தப் பர்மிய நகரத்தின் தின்கன்ஜூன் பேட்டையில் கட்டிக்கொடுத்த நாளிலிருந்து ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாடு எனக்கு அவர்கள் வீட்டில்தான். என் பேட்டையான போட்டாதாங்கில் பஸ் ஏறி, வெயிலில் வெந்து போய்ச் சேர்ந்தால், முந்தைய இரவின் இங்கிலாந்துக் கால்பந்தாட்டம் சோற்றோடு சேர்ந்து பரிமாறப்படும். யார் அடித்தான், யார் கோட்டை விட்டான், தன்னை ஒரு வார்த்தை கேட்டிருந்தால் எப்படி ஜெயித்திருக்கலாம், எல்லாம் சொல்வார். பாதியில் கரண்ட் போய் டீவி அணைந்திருந்தாலும் மீதி ஆட்டம் அவருக்குத் தெரியும்.

எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஆனால் பெண் கொடுத்த இடம். எதிர்த்துப் பேசினால் வாரம் முழுக்க அந்த முகத்தைப் பார்க்கப்போவது என் மகள். அதனால் சண்டை வேண்டாம், அவர் வாயால் "தெரியாது" என்ற ஒரே ஒரு சொல்லைக் கேட்டுவிட்டால் போதும் என்று முடிவு கட்டினேன். அந்தச் சொல்லுக்காக நான் ஏங்கினேன் என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

அதற்காகத்தான் அந்த ஆட்டக்காரரைப் பெற்றெடுத்தேன். முதல் உலகப் போருக்கு முந்தைய இங்கிலாந்தில் சம்பளத்துக்குக் கால்பந்து ஆடியவர்கள் எப்படிப் பிழைத்தார்கள் என்று போனில் கொஞ்சம் வாசித்தேன். மீதியைப் பஸ் ஜன்னலோரம் உட்கார்ந்து நானே சேர்த்தேன். ஒரு பெயரும் வைத்தேன். அதை இங்கே எழுத மாட்டேன். எழுதினால் யாராவது தேடக் கிளம்பிவிடுவார்கள்.

அடுத்த ஞாயிறு கோழிக்குழம்பை ஊற்றிக்கொண்டே பேச்சைத் தொடங்கினேன்.

"சம்பந்தி, அந்தக் காலத்துல ஒருத்தரு நிலக்கரிச் சுரங்கத்துல வேலை பாத்துட்டு, சனிக்கிழமை மத்தியானம் பந்தாட வருவாராமே. கேள்விப்பட்டிருக்கீங்களா?" பெயரையும் சொன்னேன்.

அவர் சோற்றைப் பிசைவதைக்கூட நிறுத்தவில்லை. "இடது கால்காரருதானே?" என்றார்.

எனக்குப் புரையேறிவிட்டது. மகள் ஒரு கையால் தண்ணீரை நீட்டி, மறு கையால் என் தொடையைக் கிள்ளினாள். "சும்மா இரும்மா" என்று பிறகு சமையலறையில் கெஞ்சினாள். சும்மா இருக்கிற ஆளா நான்?

மறுவாரம் என் ஆட்டக்காரருடைய முழங்காலை உடைத்தேன். அந்த நாளில் முழங்கால் போனால் பிழைப்பும் போய்விடும். கிளப் திரும்பிக்கூடப் பார்க்காது. சம்பந்தி அசரவில்லை. "உடைஞ்சதுதான். அதுக்கப்புறந்தானே வலது காலாலயும் அடிக்கப் பழகினாரு" என்றார். நான் அவரை மாட்டை விற்பதுபோல வடக்கே ஒரு சின்னக் கிளப்புக்கு விற்றேன். சம்பந்தி அங்கே அவரைக் கேப்டன் ஆக்கினார். தோல்பந்து மழையில் ஊறிக் கனக்கும், அதைக் கட்டியிருக்கும் வார் தலையால் முட்டுகிறவனின் நெற்றியைக் கிழிக்கும் என்று வாசித்திருந்தேன். அதை வைத்து நெற்றியில் ஒரு தழும்பு போட்டேன். அந்தத் தழும்பைத் தன் தாத்தாவே நேரில் பார்த்திருக்கிறார் என்றார் சம்பந்தி. ஆட்டத்தை விட்ட பிறகு அந்த மனிதர் கப்பலேறி வந்து போட்டாதாங் துறையில் இறங்கினாராம். அங்கே மூட்டை தூக்கிக்கொண்டிருந்த தாத்தாவிடம் சுருட்டுக்கு நெருப்புக் கேட்டாராம்.

எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. நான் பெற்ற பிள்ளையை, என் பேட்டையிலேயே, என்னைக் கேட்காமல் இறக்கிவிட்டார். ஆனால் ஒன்று. ஞாயிற்றுக்கிழமை எப்போது வரும் என்று நான் காத்திருக்க ஆரம்பித்திருந்தேன். சம்பந்தியும் முந்தைய இரவின் ஆட்டத்தைப் பற்றிப் பேசுவதையே விட்டிருந்தார்.

கடைசியில் வேறு வழி தெரியாமல் என் ஆட்டக்காரரைக் கொன்றேன். செத்தவரை எப்படிக் கேப்டன் ஆக்குகிறார், பார்க்கலாம்.

"ஊருக்குத் திரும்பிப் போயி ஒரு சாராயக்கடை வச்சாராம் சம்பந்தி. அங்கேயே சளிக்காய்ச்சல்ல போய்ச் சேந்துட்டாராம்."

கை கழுவ எழுந்தவர் அப்படியே நின்றார். "எந்த மாசம்?"

"இந்த மாசந்தான்" என்றேன், தொல்லை விட்டது என்ற நினைப்பில்.

அடுத்த ஞாயிறு பஸ்ஸை விட்டு இறங்கி நடக்கும்போதே வாழைத்தண்டு போட்ட மீன்சாற்றின் மணம் வந்தது. சம்பந்தி வீட்டு வாசலில் மொகிங்கா அண்டா கொதித்தது. செத்தவரை நினைத்து அக்கம்பக்கத்தாரைக் கூப்பிட்டு மொகிங்கா ஊற்றுவது இந்த ஊர் வழக்கம். எங்கள் தமிழ் வீடுகளிலும் அது எப்போதோ ஒட்டிக்கொண்டது. தெருவே பெஞ்சுகளில் உட்கார்ந்து உறிஞ்சிக்கொண்டிருந்தது. நடுவில் சம்பந்தி, வெள்ளைச் சட்டையும் புது லோன்ஜியும் நெற்றி நிறையத் திருநீறுமாக, கையில் அகப்பையோடு நின்றார்.

பிறக்கவே பிறக்காத ஒரு வெள்ளைக்காரருக்குத் தின்கன்ஜூனில் திதி நடக்கிறது. மனிதர் இவ்வளவு நம்பிவிட்டாரே, பாவம், என்று முதல் முறையாக அவர்மேல் இரக்கம் வந்தது. என் மகளுக்கு என்ன ஆனாலும் சரி, உண்மையைச் சொல்லிவிடுவது என்று அவர் பக்கத்தில் போனேன். அதற்குள் தெருமுனை மளிகைக்கடை பாய் கிண்ணத்தை நீட்டிக்கொண்டே கேட்டார்.

"யாருக்குண்ணே இன்னைக்கு?"

சம்பந்தி அகப்பையை நிறுத்தினார். தெரு முழுக்கக் கேட்கும்படி, "தெரியாது பாய்" என்றார். "சத்தியமா எனக்குத் தெரியாது. சம்பந்தியம்மாவுக்குத்தான் நெருங்கின சொந்தம். அவங்களையே கேளுங்க."

மகள் பின்னாலிருந்து என் காதில் சொன்னாள். அவள் குரலில் சிரிப்பு முட்டியது. "முதல் ஞாயித்துக்கிழமையே மாமா போன்ல தேடிட்டாரும்மா. அப்படி ஒரு ஆளே இல்லைன்னு அன்னைக்கே தெரியும். உங்கிட்ட சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிட்டாரு."

நான் கேட்க ஏங்கிய சொல் ஊரறியக் கிடைத்துவிட்டது. பெஞ்சுகளில் எல்லாரும் கரண்டியை நிறுத்திவிட்டு என்னையே பார்த்தார்கள். நான் தொண்டையைக் கனைத்துக்கொண்டேன்.

"எனக்கு என்ன சொந்தம் பாய்? நம்ம சம்பந்தியோட தாத்தாகிட்ட சுருட்டுக்கு நெருப்பு வாங்கினவரு. அந்தக் குடும்பத்துக்குத்தான் பழக்கம்."

 சம்பந்தி ஒரு கிண்ணத்தை எடுத்து விளிம்பு வரை ஊற்றி, என் கையில் கொடுத்தார். "உக்காருங்க சம்பந்தியம்மா" என்றார். "அவருக்கு ஒரு தம்பி இருந்தானே, கோல்கீப்பரு. அவனைப் பத்திச் சொல்லுங்க."