அப்பாகிட்ட சொல்லு

அப்பா சிங்கப்பூரிலிருந்து ஒரேயடியாகத் திரும்பி வந்தபோது நான் ஆறாம் வகுப்பில் படித்துக்கொண்டிருந்தேன். அதுவரை வயலைப் பார்த்துக்கொண்டது அம்மாதான். நாற்று விடுவதும் ஆள் கூப்பிடுவதும் அவள் சொன்னபடிதான் நடக்கும். வந்த முதல் குறுவைக்கே அப்பா அவளைக் கேட்காமல் நடவு மெஷினை வரவழைத்துவிட்டார். வரப்பில் நின்று அம்மா ஏதோ சொல்லப்போக, எல்லார் முன்னாலும், "ஒனக்கு என்ன தெரியும்? வீட்டுக்குப் போ" என்றார். அன்றோடு இருவருக்கும் பேச்சு நின்றது.

அதன்பின் எல்லாம் என் வழியாகத்தான். "சோறு போட்டாச்சுன்னு அப்பாகிட்ட சொல்லு" என்பாள் அம்மா. அப்பா கைக்கெட்டும் தூரத்தில்தான் உட்கார்ந்திருப்பார். "பசிக்கலன்னு சொல்லு" என்பார். நான் திரும்பி, "பசிக்கலயாம்" என்பேன்.

ஒரு சனிக்கிழமை, வேண்டாம் என்று எவ்வளவோ தட்டிக்கழித்தும், வகுப்புத் தோழி ஒருத்தி கணக்குப் போட வீட்டுக்கு வந்துவிட்டாள். அம்மா அவளுக்குக் காபி கொடுத்துவிட்டு என்னிடம், "கொல்லையில மோட்டார் ஓடிக்கிட்டே இருக்கு, நிறுத்திடவான்னு அப்பாகிட்ட கேளு" என்றாள். அப்பா எதிரே நாற்காலியில் இருந்தார். நான் தலையைத் தூக்கவேயில்லை.

அப்பாவுக்குக் காது கேட்காது என்று தோழி நினைத்துக்கொண்டாள் போலிருக்கிறது. எழுந்து போய் அவர் காதருகே குனிந்து, "அங்கிள்! மோட்டார நிறுத்தவான்னு அம்மா கேக்குறாங்க!" என்று கத்தினாள்.

அப்பாவின் முகம் கறுத்தது. பிறகு அம்மாவை நேராகப் பார்த்து, "நிறுத்திடு, தண்ணி போதும்" என்றார்.

"சரிங்க."

தோழி கிளம்பும்வரை இருவரும் நன்றாகவே பேசிக்கொண்டார்கள். அவளைப் பஸ் ஏற்றிவிட்டு ஆசையாக ஓடிவந்தேன். "அப்பாவுக்குக் காபி வேணுமான்னு கேளு" என்றாள் அம்மா. ஊரான் வீட்டுப் பிள்ளைக்கு முன்னால் வந்த வெட்கம் என் முன்னால் வரவில்லையே என்று அழுகை முட்டியது.

திங்களன்று தோழி, "ஒங்கப்பாவ டாக்டர்கிட்ட காட்டுனீங்களா?" என்று அக்கறையாக விசாரித்தாள். "காட்டுனோம்" என்றேன். உண்மையைச் சொல்வதைவிட அது கௌரவமாக இருந்தது.

சம்பா கதிர் முற்றியிருந்த சமயம் மழை பெய்து பயிர் சாய்ந்தது. அப்பாவும் அம்மாவும் சேர்ந்தே வயலுக்குப் போனார்கள். சேற்றுக் காலோடு, எந்தப் பக்கம் வடிகால் வெட்டுவது என்று சண்டை போட்டுக்கொண்டே திரும்பி வந்தார்கள். நான் பழக்கத்தில் நடுவே போய் நின்றேன்.

"தள்ளு, காலைக் கழுவணும்" என்றாள் அம்மா.