மூன்று பிடி மண்

பம்பாயில் தையல் வேலை பார்த்த ஜமீருக்குத் தந்தி கிடைத்தபோது, பொம்மிடியில் அவன் அப்பா அப்துல் ரஷீதை அடக்கம் செய்து ஒரு நாள் ஆகியிருந்தது. 1984 ஆனி மாதம். ஜோலார்ப்பேட்டையில் வண்டி மாறி, அடக்கம் ஆன நான்காம் நாள் வந்து இறங்கினான். கபர்க்குழியில் மூன்று பிடி மண் போடக் கொடுத்து வைக்கவில்லையே என்பதுதான் அவனை அரித்தது.

"வேப்பமரத்துக்கு மேக்கால, புது மண்ணாம். மருதாணிக் குச்சி நட்டிருக்காங்களாம். தண்ணியாவது ஊத்துடா," என்றார் அம்மா ஷரீபுன்னிசா. கணவன் இறந்ததால் அவர் இத்தாவில் இருந்தார். வீட்டை விட்டு வெளியே வரக் கூடாது. கபரஸ்தானைப் பார்த்ததும் இல்லை. மற்றவர்கள் சொன்ன அடையாளத்தைத்தான் சொன்னார்.

அடையாளம் சரியாகவே இருந்தது. பத்து நாள் காலையில் ஜமீர் குடம் சுமந்தான். ஊற்றிவிட்டுத் தலைமாட்டில் உட்கார்ந்து துஆ ஓதினான். "நீங்க பிரிச்சுப் பிரிச்சுத் தைக்க வெச்ச காலரு, இப்ப பம்பாயில எங்கிட்டத்தான் குடுக்கறாங்க," என்று சொல்லி அழுதான். குச்சியின் கணுவில் பச்சை முளை கண்டது.

பதினோராம் நாள், அடக்கத்துக்கு வந்திருந்த டீக்கடை மாரியப்பன் அந்தப் பக்கமாக வந்தார்.

"யாருக்குடா ஊத்தற?"

"அப்பாவுக்குங்க, மாமா."

"அட போடா! இது கவுஸ் பாஷா. உங்கப்பனுக்கு மறுநாள் போனாரு. உங்கப்பன் அதா, இன்னும் மேக்கால, வேலியோரம்!"

ஜமீருக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஆறு வருஷத்துக்கு முன், தன் மகள் கல்யாணத்துக்கு அப்பா தைத்துக் கொடுத்த கோட்டு கழுத்தை இறுக்குகிறது என்றார் கவுஸ் பாஷா. "கோட்டு சரியாத்தான் இருக்கு, கழுத்துதான் பெருத்துப் போச்சு," என்றார் அப்பா. அன்றிலிருந்து பேச்சு இல்லை. பள்ளிவாசலில்கூட வேறு வேறு வரிசை.

வேலியோரம் குச்சி காய்ந்து கிடந்தது. மழையில் கபர் ஒரு பக்கம் உள்வாங்கியிருந்தது.

"மண்ணு போட்டு நெரவணும்டா," என்றார் மாரியப்பன்.

ஜமீர் குனிந்து போட்டான். முதல் பிடி, இரண்டாம் பிடி, மூன்றாம் பிடி. அதற்கு மேல் எத்தனை பிடி போட்டான் என்று அவனுக்கே தெரியாது.

வீட்டில் விஷயத்தைச் சொன்னதும் ஷரீபுன்னிசா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். அழுகிறார் என்று நினைத்து ஜமீர் கிட்டே போனான். சிரிப்பு.

"பத்து நாளா மனுசன் பக்கத்துல உறுமிக்கிட்டு கெடந்திருப்பாரேடா!" கண்ணைத் துடைத்துக்கொண்டார். "கவுஸ் பாய்க்கு ஊத்தறத நிறுத்திடாத, துளிர்த்துடுச்சு. உங்கப்பாவுக்கு வேற குச்சி நடு. ஆனா மொதக் கொடம் அவருக்குத்தான். இல்லன்னா அதுக்கும் கோவிச்சுக்குவாரு."